பழைய பணிக்காலத்தை ஓய்வூதியக் கணக்கில் சேர்ப்பது எப்படி? பல்கலைக்கழகப் பணியாளர்களுக்கு ஒரு வழிகாட்டி

என் பணிப்பதிவேட்டை முதல் பக்கத்திலிருந்து நிதானமாகப் புரட்டியபோது ஓய்வுக்கு இன்னும் இரண்டு ஆண்டுதான் பாக்கி. மத்திய நிதியில் நடக்கும் ஒரு பல்கலைக்கழகத்தில் வேலை பார்த்தேன். அதற்கு முன்பு வேறொரு நிறுவனத்தில் ஆறு ஆண்டுக்கு மேல் இருந்தேன். அந்த ஆறு ஆண்டும் கணக்கில் ஏறியிருக்கும் என்றுதான் அத்தனை காலமும் நினைத்திருந்தேன். பதிவேட்டில் அதைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. பிறகு பத்தொன்பது மாதம் இரண்டு அலுவலகங்களுக்கும் நடுவே கடிதமும் கையுமாக அலைந்தேன். சேர்ந்த முதல் ஆண்டில் செய்திருந்தால் இரண்டு மாதத்தில் முடிந்திருக்க வேண்டிய வேலை அது. உங்களுக்கு அந்த அலைச்சல் வேண்டாம் என்பதற்காகத்தான் இதை எழுதுகிறேன்.

நான் பட்டுத் தெரிந்துகொண்ட முதல் விஷயம்: பழைய பணிக்காலம் தானாகச் சேராது. நீங்கள் எழுதிக் கேட்க வேண்டும், பழைய நிறுவனம் சான்று தர வேண்டும், பல நேரங்களில் அது பணமும் அனுப்ப வேண்டும், கடைசியில் பதிவேட்டில் ஏற வேண்டும். இந்த நான்கில் ஒன்று விட்டுப்போனாலும் ஓய்வு பெறும் நாளில் அந்த ஆண்டுகள் கணக்கில் இருக்காது.

1. சேர்ப்பதால் உங்களுக்கு என்ன கிடைக்கும் என்று முதலில் கணக்குப் போடுங்கள்

எந்த விதி உங்களுக்குப் பொருந்தும் என்பதைப் பொறுத்து இது மாறும். மத்தியப் பல்கலைக்கழகங்கள் பெரும்பாலும் மத்திய அரசின் ஓய்வூதிய விதிகளைத் தழுவியே நடக்கின்றன. 1972 விதிகளின் இடத்தில் இப்போது 2021 விதிகள் வந்துவிட்டன. தமிழ்நாட்டின் மாநிலப் பல்கலைக்கழகங்களுக்கு 1978ஆம் ஆண்டின் தமிழ்நாடு ஓய்வூதிய விதிகளே அடிப்படை. உங்கள் பல்கலைக்கழகச் சட்ட விதிகளில் ஓய்வூதியம் பற்றிய அத்தியாயத்தை ஒரு நகல் எடுத்துக் கையில் வைத்துக்கொள்ளுங்கள்.

மத்திய விதிப்படி மாத ஓய்வூதியம் பெறக் குறைந்தது 10 ஆண்டுப் பணி வேண்டும். அரையாண்டுகளாகக் கணக்கிடும்போது மூன்று மாதமோ அதற்கு மேலோ உள்ள மீதி ஒரு முழு அரையாண்டாக எடுத்துக்கொள்ளப்படும். அதனால் 9 ஆண்டு 9 மாதம் இருந்தாலே 10 ஆண்டாகிவிடும். 10 ஆண்டைத் தாண்டிவிட்டால் கடைசி ஊதியத்தில் பாதி கிடைக்கும். பணி 12 ஆண்டானாலும் 30 ஆண்டானாலும் அதே பாதிதான். ஆகவே இங்கே 8 ஆண்டு மட்டும் பணியாற்றியவருக்குப் பழைய 3 ஆண்டு சேர்வது வாழ்நாள் முழுக்க மாதந்தோறும் ஓய்வூதியம் வருமா வராதா என்பதையே தீர்மானிக்கும். 20 ஆண்டு பணியாற்றியவருக்கு மாத ஓய்வூதியம் மாறாது, ஓய்வின்போது ஒரே தடவையாகத் தரும் பணிக்கொடைதான் கூடும்.

அந்தப் பணிக்கொடை சின்னத் தொகை என்று விட்டுவிடாதீர்கள். ஒரு கணக்குப் பாருங்கள். ஒருவருக்கு ஓய்வின்போது அடிப்படை ஊதியமும் அகவிலைப்படியும் சேர்ந்து 2,00,000 ரூபாய். ஒவ்வொரு அரையாண்டுக்கும் இதில் கால் பங்கு, அதாவது 50,000. இப்போதைய பணி 18 ஆண்டு 2 மாதம் என்றால் 36 அரையாண்டு, மீதி இரண்டு மாதம் கழிந்துபோகும். தொகை 18 லட்சம். பழைய 6 ஆண்டு 4 மாதம் சேர்ந்தால் மொத்தம் 24 ஆண்டு 6 மாதம், 49 அரையாண்டு, 24.5 லட்சம். வித்தியாசம் ஆறரை லட்சம். 1.1.2024 முதல் மத்தியப் பணிக்கொடையின் உச்சவரம்பு 25 லட்சம். ஏற்கெனவே அந்த வரம்பைத் தொட்டுவிட்டவருக்குச் சேர்ப்பதால் பணிக்கொடை கூடாது என்பதையும் மனதில் வையுங்கள்.

தமிழ்நாட்டு விதியில் நிலைமை வேறு. இங்கே முழு ஓய்வூதியத்துக்கு 30 ஆண்டு வேண்டும், குறைந்தால் விகிதப்படி குறையும். கடைசி ஊதியம் 1,20,000 என்று வையுங்கள். 24 ஆண்டுப் பணிக்கு 48,000 வரும். பழைய 6 ஆண்டு சேர்ந்தால் 60,000. மாதம் 12,000 ரூபாய் வித்தியாசம், அதற்கு மேல் அகவிலைப்படி. மாநிலப் பல்கலைக்கழகத்தில் இருப்பவர்கள் ஓராண்டைக்கூட விட்டுவிடக் கூடாது என்று நான் அழுத்திச் சொல்வது இதனால்தான்.

2. உங்கள் பழைய பணி சேர்க்கத் தக்கதா?

ஓய்வூதியத் திட்டம் நடைமுறையில் இருந்த மத்திய, மாநில அரசுத் துறை, தன்னாட்சி நிறுவனம், பல்கலைக்கழகம் ஆகியவற்றில் முறையான பணியிடத்தில் இருந்திருந்தால் வழி உண்டு. மத்திய அரசுக்கும் மத்தியத் தன்னாட்சி நிறுவனங்களுக்கும் இடையே மாறுவோருக்கான அடிப்படை ஆணை 29.8.1984 தேதியிட்ட குறிப்பாணை. மாநிலத் தன்னாட்சி நிறுவனங்களுக்கு அந்த ஏற்பாடு 7.2.1986 குறிப்பாணையால் விரிவாக்கப்பட்டது. விண்ணப்பத்தில் இந்த இரண்டு தேதிகளையும் குறிப்பிடுங்கள். பிரிவு எழுத்தர் எந்த ஆணை என்று தேடுவதிலேயே ஒரு மாதம் ஓடிவிடும்.

சேராதவை: சுயநிதிக் கல்லூரிப் பணி, ஆராய்ச்சி உதவித்தொகையில் இருந்த காலம், மணிக்கணக்கில் ஊதியம் பெற்ற கௌரவ விரிவுரையாளர் காலம். இவற்றைச் சேர்த்துத் தருகிறேன் என்று யாராவது பணம் கேட்டால் கொடுக்காதீர்கள்.

தொகுப்பூதியம், தினக்கூலி காலம் தமிழ்நாட்டில் பெரிய சிக்கல். முழுநேரப் பணியாக இருந்து, இடைவெளி இல்லாமல் வரன்முறை (அதாவது முறையான பணியாக்கும் ஆணை) செய்யப்பட்டிருந்தால் அந்தக் காலத்தில் பாதியைச் சேர்க்கலாம். ஆனால் 1.4.2003க்கு முன் வரன்முறை ஆகியிருக்க வேண்டும். நியமன நாளை விட்டுவிட்டு வரன்முறை ஆணையின் தேதியைப் பாருங்கள். 2001இல் தினக்கூலியாகச் சேர்ந்து 2006இல் வரன்முறை ஆனவர்கள் பலர் நீதிமன்றம் போனார்கள். அப்படிப்பட்டவர்கள் பாதியைக் கோர முடியாது என்று சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு 2019இல் தீர்ப்பளித்தது. வழக்கறிஞருக்குக் கட்டணம் கட்டும் முன் அந்தத் தீர்ப்பைப் படித்துவிடுங்கள்.

இன்னொரு முக்கியமான தேதி: மத்தியத்தில் புதிய ஓய்வூதியத் திட்டம் 1.1.2004 முதல், தமிழ்நாட்டில் பங்களிப்புத் திட்டம் 1.4.2003 முதல். பழைய திட்டத்தில் 31.12.2003க்குள் மத்திய அரசிலோ மத்தியத் தன்னாட்சி நிறுவனத்திலோ சேர்ந்து, பிறகு முறைப்படி விலகி அப்படிப்பட்ட இன்னொரு நிறுவனத்துக்கு வந்தவர், வந்த தேதி 2004க்குப் பிறகு என்றாலும் பழைய திட்டத்திலேயே தொடரலாம். 26.7.2005, 28.10.2009 தேதியிட்ட குறிப்பாணைகள் இதற்கு ஆதாரம். புதிதாகச் சேரும்போது எல்லோரிடமும் நீட்டும் புதிய திட்டப் படிவத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டு, பத்து ஆண்டு கழித்துத் தெரிந்துகொண்டவர்களைப் பார்த்திருக்கிறேன். உங்களுக்குப் பழைய திட்ட உரிமை இருந்தால் படிவத்தை நிரப்பும் முன்பே கடிதம் கொடுங்கள்.

3. பழைய இடத்திலிருந்து எப்படி விலகினீர்கள்?

என் கோப்பு மாட்டிக்கொண்டது இங்கேதான். ராஜினாமா செய்தால் அதற்கு முந்தைய பணி முழுவதும் இழக்கப்படும் என்பது பொது விதி. அனுமதி பெற்று, இன்னொரு அரசுப் பணியில் சேர்வதற்காகச் செய்த ராஜினாமாவுக்கு மட்டும் விலக்கு. அலுவலகத்தில் எல்லோரும் டெக்னிக்கல் ரிசிக்னேஷன் என்று சொல்வது இதைத்தான்.

என் பணிவிடுவிப்பு ஆணையில் இருந்தது ஒரே வாக்கியம்: "அன்னாரது ராஜினாமா ஏற்கப்பட்டு 27.6.2003 பிற்பகல் பணியிலிருந்து விடுவிக்கப்படுகிறார்." எங்கே சேரப் போகிறேன் என்று அதில் இல்லை. அந்த ஒரு குறைக்காக எட்டு மாதம் போனது. உரிய வழியாக, அதாவது பழைய அலுவலகத்தின் மூலமாக, அனுப்பிய விண்ணப்பத்தின் நகலும், தடையின்மைச் சான்றும் என் பழைய பெட்டியில் கிடைத்ததால் தப்பித்தேன். அவற்றை வைத்துப் பழைய நிறுவனத்திடம் திருத்த ஆணை வாங்கினேன்.

நீங்கள் இனிமேல்தான் விலகப் போகிறீர்கள் என்றால், விலகல் கடிதத்திலேயே மூன்று விஷயத்தை எழுதுங்கள்: எந்த நிறுவனத்தில் எந்தப் பதவியில் சேரப் போகிறீர்கள், உரிய வழியாக விண்ணப்பித்த கடிதத்தின் எண்ணும் தேதியும், முந்தைய பணிக்காலப் பலன்கள் தொடர வேண்டி இந்த விலகலை டெக்னிக்கல் ரிசிக்னேஷனாகக் கருத வேண்டும் என்ற வேண்டுகோள். ஆணையிலும் அதே சொற்கள் வரும்வரை விடுவிப்பைப் பெற்றுக்கொள்ளாதீர்கள்.

பழைய பணியில் சேர்வதற்கு முன்பே இந்த வேலைக்கு விண்ணப்பித்திருந்தால் உரிய வழியாக அனுப்பியிருக்க முடியாது. அதற்கும் இடம் உண்டு. பழைய பணியில் சேர்ந்தவுடனே அந்த விண்ணப்பத்தைப் பற்றித் தெரிவித்திருக்க வேண்டும், விலகும்போதும் அதைக் குறிப்பிட்டுக் கேட்டிருக்க வேண்டும்.

4. இடையில் விழுந்த நாட்களை எண்ணுங்கள்

விடுவிப்பு ஆணையையும் பணியேற்பு அறிக்கையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். தேதியோடு முற்பகலா பிற்பகலா என்பதையும் பாருங்கள். நான் 27.6.2003 வெள்ளி பிற்பகல் விடுவிக்கப்பட்டு 30.6.2003 திங்கள் முற்பகல் சேர்ந்தேன். நடுவில் சனி, ஞாயிறு. தணிக்கையில் அந்த இரண்டு நாளையும் பணிமுறிவு என்று எழுதிவிட்டார்கள். இரண்டு நிறுவனமும் வெவ்வேறு ஊரில் இருந்தால் பணியேற்பிடைக் காலத்துக்குள் (புதிய இடத்தில் போய்ச் சேர விதி தரும் அவகாசம்) விழும் இடைவெளியை விடுப்பாலோ முறையான ஆணையாலோ சரிசெய்ய விதி இருக்கிறது. 1,000 கிலோமீட்டருக்குள் என்றால் அந்தக் காலம் 10 நாள். இதைச் சுட்டி ஒரு பக்கம் எழுதிக் கொடுத்ததும் ஆட்சேபணை நீங்கியது.

ஊதியமில்லா விடுப்பையும் பாருங்கள். மருத்துவச் சான்றின் பேரில் எடுத்ததும், உயர் அறிவியல், தொழில்நுட்பப் படிப்புக்காக எடுத்ததும் கணக்கில் வரும். சொந்தக் காரணத்துக்காக எடுத்தது வராது. முனைவர் பட்டத்துக்காக எடுத்த விடுப்பைப் பதிவேட்டில் வெறும் ஊதியமில்லா விடுப்பு என்று எழுதியிருப்பார்கள். காரணத்தையும் சேர்த்து எழுதச் சொல்லுங்கள்.

5. ஆவணங்களைத் திரட்டுங்கள்

கட்டாயம் வேண்டியவை: பழைய நியமன ஆணை, பணியேற்பு அறிக்கை, தகுதிகாண் பருவம் முடித்த ஆணை, பணிவிடுவிப்பு ஆணை, கடைசி ஊதியச் சான்று, பழைய பணிப்பதிவேட்டின் சான்றிட்ட நகல், விடுப்புக் கணக்கு, பழைய இடத்தில் ஓய்வூதியத் திட்டம் இருந்தது என்பதற்கும் நீங்கள் பலன் எதுவும் பெறவில்லை என்பதற்கும் சான்று. கடைசியில் சொன்ன சான்றைப் பலர் வாங்குவதில்லை. கோப்பு திரும்பி வருவது பெரும்பாலும் அதற்காகத்தான்.

பழைய நிறுவனம் பதில் தராவிட்டால் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். விண்ணப்பக் கட்டணம் 10 ரூபாய், நகலுக்குப் பக்கத்துக்கு 2 ரூபாய், 30 நாளில் பதில் வர வேண்டும். "என் பணி விவரம் வேண்டும்" என்று பொதுவாக எழுதாதீர்கள். "இந்த மாதம் முதல் இந்த மாதம் வரையிலான ஊதியப் பட்டியலில் என் பெயர் உள்ள பக்கங்களின் நகல்" என்று குறிப்பாக எழுதுங்கள். எனக்கு முதலில் வந்த பதில் "பதிவேடு கிடைக்கவில்லை" என்பதுதான். ஊதியப் பட்டியல் என்று கேட்டபோது நாற்பத்திரண்டு பக்கம் வந்தது. 84 ரூபாய் கட்டினேன். அந்த நாற்பத்திரண்டு பக்கம்தான் என் ஆறு ஆண்டை மீட்டுக் கொடுத்தது.

பதிவேடே தொலைந்துவிட்டது என்றாலும் நம்பிக்கை இழக்காதீர்கள். ஊதிய நிர்ணய ஆணை, வைப்பு நிதி ஆண்டுக் கணக்கு, முதுநிலைப் பட்டியல், வருமான வரிப் படிவம் 16 எல்லாம் ஆதாரமாகும். சரிபார்க்க முடியாத காலத்துக்கு, பணியாற்றியது உண்மை என்று வெள்ளைத்தாளில் எழுத்து அறிக்கை தந்து, கிடைத்த ஆதாரங்களை இணைக்கவும் மத்திய விதி இடம் தருகிறது.

6. ஓராண்டுக்குள் விருப்பம் தெரிவியுங்கள்

1984 குறிப்பாணையின் கீழ் வருவோருக்கு இதுதான் மிகப் பெரிய பொறி. புதிய நிறுவனத்தில் நிரந்தரமாக எடுத்துக்கொள்ளப்பட்ட நாளிலிருந்து ஓராண்டுக்குள், பழைய இடத்தின் விகிதாசாரப் பலனைத் தனியாகப் பெற்றுக்கொள்கிறீர்களா, பணியைச் சேர்க்கிறீர்களா என்று எழுதிக் கொடுக்க வேண்டும். ஒன்றும் எழுதாவிட்டால் தனியாகப் பெற்றுக்கொள்ள விரும்பியதாகவே எடுத்துக்கொள்வார்கள். ஒருமுறை தெரிவித்தால் மாற்ற முடியாது.

பழைய இடத்தில் பங்களிப்பு வைப்பு நிதிதான் இருந்தது என்றால், நிறுவனம் போட்ட பங்கை வட்டியோடு ஒப்படைக்க வேண்டியிருக்கும். நீங்கள் போட்ட பங்கு உங்களுடையது. பணிக்கொடையோ வேறு பலனோ வாங்கிச் செலவழித்திருந்தால் அதையும் வட்டியோடு திருப்ப வேண்டும். இந்த வேலையில் உண்மையான செலவு இதுதான். ஆண்டு ஏற ஏற வட்டி ஏறும். எவ்வளவு என்று எழுத்தில் கணக்குக் கேளுங்கள், அதை முதல் படியில் போட்ட லாபக் கணக்கோடு ஒப்பிட்டுவிட்டு முடிவெடுங்கள்.

7. விண்ணப்பம்

பதிவாளர் பெயருக்கு, துறைத் தலைவர் வழியாக, இரண்டு பக்கத்துக்கு மிகாமல் எழுதுங்கள். ஒரு சிறு அட்டவணை போடுங்கள்: நிறுவனம், பதவி, தொடக்க நாள், முடிவு நாள், மொத்தம், எந்த ஆவணம் எந்த இணைப்பில். இரண்டு நகல் கொண்டுபோய் ஒன்றில் முத்திரையும் தேதியும் வாங்கிக்கொள்ளுங்கள். என் கோப்பு இரண்டு முறை தொலைந்தது. முத்திரையிட்ட நகல் இருந்ததால்தான் விண்ணப்பித்த தேதி காப்பாற்றப்பட்டது.

8. பணம் நகர்கிறதா என்று பின்தொடருங்கள்

தன்னாட்சி நிறுவனங்களுக்குள் மாறியவர்களுக்குப் பழைய நிறுவனம், உங்கள் பணிக்கு அங்கே சேர்ந்திருந்த ஓய்வூதியம், பணிக்கொடை ஆகியவற்றின் மதிப்பைப் புதிய நிறுவனத்துக்கு ஒரே தொகையாகச் செலுத்த வேண்டும். மத்திய அரசுக்கும் மாநில அரசுக்கும் இடையே நேரடியாக மாறியவர்களுக்கு இந்தப் பங்கீடு 1.4.1987 முதல் கிடையாது. ஆகவே அரசுத் துறையிலிருந்து வந்தவருக்கு எளிது, பல்கலைக்கழகத்திலிருந்து பல்கலைக்கழகத்துக்கு வந்தவருக்குக் கடினம்.

அந்தத் தொகையைக் கோரி உங்கள் நிர்வாகம் கேட்புக் கடிதம் அனுப்பியதா, எண் என்ன, பழைய நிறுவனத்தின் நிதிப் பிரிவில் அது எந்த மேசையில் இருக்கிறது என்று மாதம் ஒருமுறை நேரிலோ தொலைபேசியிலோ கேளுங்கள். நிதிநிலை மோசமான நிறுவனங்கள் இந்தக் கடிதத்துக்கு எளிதில் பதில் தருவதில்லை. என் விஷயத்தில் பதினொரு மாதம் கடிதம் போனது, பதில் வரவில்லை. நேரில் போய் உட்கார்ந்தபோது அங்கிருந்த கண்காணிப்பாளர் அம்மா, "சார், கேட்புக் கடிதத்துல தலைப்பே தப்பா போட்டிருக்காங்க, அதான் வேற பிரிவுக்குப் போயிடுச்சு" என்று எடுத்துக் காட்டினார். ஒரு நாளில் தீர்ந்தது. தூரம் என்று பார்க்காமல் ஒருமுறையாவது நேரில் போங்கள்.

அந்தத் தொகையை உங்கள் கையிலிருந்து கட்டச் சொன்னால், எந்த விதிப்படி என்று எழுத்தில் கேட்காமல் கட்டாதீர்கள்.

9. பதிவேட்டில் ஏறிவிட்டதா என்று உங்கள் கண்ணால் பாருங்கள்

ஆணை வந்தவுடன் வேலை முடியவில்லை. ஆணையின் எண், தேதி, சேர்க்கப்பட்ட காலம் ஆண்டு, மாதம், நாள் கணக்கில், அதிகாரியின் கையெழுத்து என எல்லாம் பணிப்பதிவேட்டில் ஏற வேண்டும். அந்தப் பக்கத்தின் நகலை வாங்கி வீட்டில் வையுங்கள். மாநிலப் பல்கலைக்கழகமாக இருந்தால் உள்ளாட்சி நிதித் தணிக்கை பார்க்கும்போது இந்தப் பதிவைத்தான் முதலில் தேடுவார்கள்.

மத்திய விதிப்படி 18 ஆண்டுப் பணி முடிந்ததும், ஓய்வுக்கு ஐந்து ஆண்டு இருக்கும்போதும் தகுதியுள்ள பணிக்காலத்தைச் சரிபார்த்துச் சான்று தர வேண்டியது அலுவலகத்தின் கடமை. பெரும்பாலும் யாரும் கேட்பதில்லை, அதனால் தருவதும் இல்லை. நீங்கள் கேளுங்கள். சான்றில் பழைய பணி தனி வரியாக இருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் அதைச் சரிசெய்ய இன்னும் ஐந்து ஆண்டு கையில் இருக்கும்.

ஓய்வுக்கு ஓராண்டுக்கு முன் ஓய்வூதியப் படிவங்களைத் தயாரிக்கத் தொடங்குவார்கள். படிவத்தில் தகுதியுள்ள நிகரப் பணிக்காலம் என்ற கட்டத்தில் உள்ள எண்ணை, நீங்கள் விரல் விட்டு எண்ணிய எண்ணோடு ஒப்பிடுங்கள். ஒரு நாள் வித்தியாசம் இருந்தாலும் கையெழுத்துப் போடும் முன் கேளுங்கள்.